அடுக்களையில் ஒளித்து வைத்த ஏடு
இந்தியப் பெண்கள்: வீடும் வாழ்வும் – அத்தியாயம் 12

சென்ற வாரம் வங்காளத்துப் பெரிய வீடுகளின் முன்கட்டில் இருந்தோம். ஜமீன் கணக்கு, துர்கா பூஜை மண்டபம், விருந்தாளிகள், விவாதங்கள் என்று ஆண்கள் நடமாடும் இடம் அது. இந்த வாரம் பின்கட்டுக்குள் நுழைய வேண்டும். வங்காளிகள் அதை ‘அந்தர்மஹல்’ என்பார்கள். வீட்டுக்கு மருமகளாக வருபவள் பெரும்பாலும் எட்டு வயதிலிருந்து பன்னிரண்டு வயதுக்குள் அங்கே வந்து சேருவாள். அதன்பின் அவள் வெளியுலகத்தைப் பார்ப்பது பல்லக்குத் திரையின் இடுக்கு வழியாகத்தான். கல்கத்தாவின் செல்வர் வீடுகளில் பெண்கள் கங்கையில் நீராட விரும்பினால், பல்லக்கைத் தூக்கிச் சென்று அவர்கள் உள்ளே அமர்ந்திருக்கும்போதே ஆற்றில் முக்கி எடுத்துத் திரும்பக் கொண்டுவந்தார்கள். ரவீந்திரநாத் தாகூர் தம் பிள்ளைப் பருவ நினைவுகளில் இந்த வழக்கத்தைக் குறிப்பிடுகிறார். கால் ஆற்று மணலில் படாது, கண் அக்கரையைப் பார்க்காது. அதற்குப் பெயர் கங்கா ஸ்நானம்.

அந்தப் பின்கட்டில் ஒரு நம்பிக்கை வேரோடியிருந்தது. எழுத்தறிந்த பெண் கல்யாணம் ஆன சில நாளிலேயே தாலி அறுப்பாள் என்பது அது. வங்காளத்தில் தாலி கிடையாது. அங்கே சுமங்கலியின் அடையாளங்கள் சங்கு வளையும், செம்பவள நிற வளையும், வகிட்டுக் குங்குமமும். சங்கு வளை உடையும் என்ற பயம்தான் அவள் கையை ஏட்டிலிருந்து விலக்கி வைத்தது.

இதைப் பதிவு செய்தவர்களில் ஒருவர் ஸ்காட்லாந்துக்காரரான வில்லியம் ஆடம். ராம்மோகன் ராயின் நண்பர். வங்காளத்து நாட்டுப்புறக் கல்வி எப்படி இருக்கிறது என்று ஆராயும் பொறுப்பை 1835இல் பென்டிங்க் பிரபுவின் அரசு இவரிடம் கொடுத்தது. ராஜ்சாஹி மாவட்டத்து நாட்டோர் வட்டாரத்தில் ஊர் ஊராகக் கணக்கெடுத்து 1836இல் அறிக்கை தந்தார். பெண் கல்வி என்று எழுதுவதற்கே அங்கு ஒன்றுமில்லை என்ற நிலை. காரணமாக இந்த விதவைப் பயத்தைத்தான் ஆடம் எழுதினார். இன்னொரு செய்தியும் அவர் அறிக்கையில் உண்டு. சில ஜமீன்தார்கள் தங்கள் பெண்களுக்கு ரகசியமாக எழுத்தும் கணக்கும் கற்றுக்கொடுத்தார்கள். கணவன் இறந்துவிட்டால் சொத்தைப் பிறர் ஏய்த்துப் பறித்துவிடக் கூடாதே என்பதற்காக. ஆனால் அதை வெளியே ஒப்புக்கொள்ள மாட்டார்கள். சொத்துக்காக மீறலாம், அறிவுக்காக மீறக் கூடாது என்று ஒரு கணக்கு. இதே நாட்டோரிலிருந்துதான் அதற்கு முந்தைய நூற்றாண்டில் ராணி பவானி, கணவர் மறைந்த பிறகு, வங்காளத்தின் மிகப் பெரிய ஜமீன்களில் ஒன்றை ஆண்டார் என்பதையும் இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும்.

ஆடம் நாட்டோரில் கணக்கெடுத்துக்கொண்டிருந்த அதே காலத்தில், பத்மா ஆற்றுக்கு அப்பால், ஃபரீத்பூர் பக்கத்து ராம்தியா என்ற ஊரில், ஓர் அடுக்களையில், இருபத்தைந்து வயது கடந்த ஒரு பெண் முந்தானைக்குள் ஓர் ஏட்டை ஒளித்து வைத்துக்கொண்டு எழுத்துக் கூட்டிக்கொண்டிருந்தார். எந்த அதிகாரியின் கணக்கிலும் அவர் வரவில்லை. பெயர் ராஸசுந்தரி தேவி.

ராஸசுந்தரி பிறந்தது பாப்னா மாவட்டத்து பொத்தாஜியா கிராமத்தில், 1810ஐ ஒட்டி. அப்பா முகம் நினைவில் பதியும் முன்பே இறந்துவிட்டார். அம்மாதான் உலகம். எதற்கெடுத்தாலும் பயந்து அழும் பிள்ளை. பயம் வந்தால் குலதெய்வமான தயாமாதவனைக் கூப்பிடு என்று அம்மா சொல்லிக்கொடுத்தார். அந்தப் பெயர் கடைசிவரை கூடவே வந்தது. அவர்கள் வீட்டு முன்கட்டில் பையன்களுக்கு ஒரு பள்ளிக்கூடம் நடந்தது. மேம்சாகிப் ஒருவர் அங்கே கற்பித்தார் என்று ராஸசுந்தரியே பின்னாளில் தம் தன்வரலாற்றில் எழுதுகிறார். எட்டு வயதுச் சிறுமியை வம்புதும்பு இல்லாமல் ஓரிடத்தில் உட்கார வைக்க வேண்டுமே என்று பெரியவர்கள் அங்கே கொண்டுபோய் விட்டார்கள். அவளுக்கு யாரும் பாடம் சொல்லவில்லை. பையன்கள் மண்ணில் எழுதி உரக்கச் சொன்னதை அவள் பார்த்துக்கொண்டும் கேட்டுக்கொண்டும் இருந்தாள். இரண்டு வருடம் கழித்து வீடு தீப்பற்றி எரிந்ததோடு அதுவும் நின்றது.

பன்னிரண்டாம் வயதில் கல்யாணம். தன்னைப் படகில் ஏற்றி அழைத்துப் போனபோது, துர்கா பூஜைக்கு வெட்டக் கொண்டுபோகும் ஆட்டின் நிலைதான் தன் நிலையும் என்று நினைத்ததாகப் பின்னாளில் எழுதினார். ஆனால் போய்ச் சேர்ந்தது கொடுமைக்கார வீடு இல்லை. அழுத சிறுமியை மாமியார் மடியில் எடுத்துத் தேற்றினார். கணவரைப் பற்றியும் அவர் ஒரு வசைச்சொல் எழுதவில்லை. இதை நான் அழுத்திச் சொல்லக் காரணம் உண்டு. கெட்ட மாமியார், கெட்ட கணவன் என்று ஆளைக் காட்டிவிட்டால் வழக்கம் தப்பித்துக்கொள்ளும். ராம்தியா வீட்டில் எல்லோரும் நல்லவர்கள். நல்லவர்கள் வீட்டில்தான் அந்தப் பெண் பல ஆண்டுகள் ஊமையைப் போல நடமாடினார்.

முரட்டுத் துணியில் முக்காடு; முகத்தை முழுவதும் மூடித் தொங்கும். தன் காலடி மண்ணைத் தவிர வேறெதுவும் கண்ணில் படாது. பகலில் யாரோடும் பேசக் கூடாது. பேசினால் காதோடு காதாக. செக்குமாட்டுக்குக் கண்ணைக் கட்டியது போல என்று ராஸசுந்தரி இதைச் சொல்கிறார். நம் ஊர்ச் செக்கும் அந்த ஊர்ச் செக்கும் ஒன்றுதான் போலிருக்கிறது.

மாமியாருக்குப் பார்வை போன பிறகு வீட்டுப் பொறுப்பு முழுக்க ராஸசுந்தரியின் தலையில். வேலைக்காரர்கள் எட்டு ஒன்பது பேர் இருந்தும் எல்லோரும் வெளிவேலைக்கு. அடுக்களையில் ஒருத்தி. குலதெய்வத்துக்கு நைவேத்தியம் முடித்து, இருபத்தைந்து பேருக்கு இரண்டு வேளைச் சமையல். பதினெட்டு வயதில் முதல் பிள்ளை, நாற்பத்தொன்றில் கடைசிப் பிள்ளை, மொத்தம் பன்னிரண்டு. ஒரு நாள் எல்லோருக்கும் பரிமாறி முடித்துத் தனக்கென்று வைத்திருந்த சோற்றை, நேரம் கெட்டு வந்த விருந்தாளிக்குக் கொடுக்க வேண்டியதாயிற்று. இரவில் எல்லோரும் உண்டபின் மறுபடி உட்கார்ந்தார். குழந்தை அழுதது. மடியில் போட்டுக்கொண்டு ஒரு கவளம் எடுக்கும் முன் காற்றும் மழையும் வந்து விளக்கு அணைந்தது. குழந்தை மடியை நனைத்தது. சோற்றை அப்படியே தள்ளி வைத்துவிட்டு எழுந்தார். இப்படி இரண்டு நாள் பட்டினி. வீட்டில் யாருக்கும் தெரியாது. சொல்லவும் இல்லை, தனக்குப் பசிக்கிறது என்று சொல்வது மருமகளுக்கு அழகில்லை என்று அவருக்குப் பாடமாகியிருந்தது.

கணவரிடம் ஜயஹரி என்று ஒரு குதிரை. ஒரு தடவை முற்றத்தில் நெல் குவித்திருந்தது. குதிரை வந்து தின்னத் தொடங்கியது. விரட்ட வேண்டும். ஆனால் அது எஜமானரின் குதிரை. அதன் முன்னால் எப்படிப் போய் நிற்பது? குதிரை நெல்லைத் தின்னத் தின்ன உள்ளே ஒளிந்து நின்றார். மகன் வந்து, அம்மா, அது குதிரைதானே என்று தைரியம் சொன்ன பிறகுதான் தன் வெட்கம் எத்தனை தூரம் போயிருக்கிறது என்று உறைத்தது. வங்கப் பெண்களின் பழைய வாழ்க்கையைப் பற்றி எவ்வளவோ படித்திருக்கிறேன். இந்தக் குதிரையைப் போல எதுவும் என் மனத்தில் நிற்கவில்லை. வெளியிலிருந்து போட்ட வேலியை ஒரு பெண் உள்ளுக்குள்ளேயே சுமக்கும்படி ஆக்கியாயிற்று என்றால் பிறகு காவலுக்கு ஆள் தேவையில்லை.

அந்த வேலி எந்த வயதில் போடப்பட்டது? விரதங்களைப் பார்த்தால் தெரியும். வங்காளத்தில் ‘பிரத’ என்பார்கள். சாஸ்திரத்தில் வராத, புரோகிதர் வேண்டாத, பெண்களே நடத்திக்கொண்ட சடங்குகள் இவற்றில் ஏராளம். அரிசிமாவைக் கரைத்துத் தரையில் விரலால் ஆல்பனா வரைவார்கள். நம் மாக்கோலத்துக்கு அக்கா தங்கை முறை. வைசாக மாதத்தில் கன்னிப் பெண்கள் முற்றத்தில் சின்னஞ்சிறு குளம் வெட்டி, நடுவே கிளை நட்டு, தண்ணீர் ஊற்றுவார்கள்: ஊர்க்குளம் கோடையில் வற்றாமல் இருக்க, புண்ணிபுக்குர் விரதம். அபனீந்திரநாத் தாகூர் இந்த விரதங்களையும் கோலங்களையும் தேடித் தொகுத்து ‘பாங்க்லார் பிரத’ என்று தனி நூலே எழுதினார். அதில் அவர் கண்டது பெண்களின் கலை. நான் அந்த அழகோடு இன்னொன்றையும் பார்க்கிறேன். கார்த்திகை கழிந்த மாதத்தில் வரும் செஞ்சுதி விரதத்தில் சிறுமிகள் படம் படமாக வரைந்து வரம் கேட்பார்கள். அந்த வேண்டுதல்களில் சக்களத்தியைச் சபிக்கும் வரிகள் உண்டு. ஐந்தாறு வயதுக் குழந்தை, கல்யாணமே ஆகாதவள், வராத சக்களத்தி சாக வேண்டும் என்று வேண்டிக்கொள்கிறாள். வேண்டாமல் என்ன செய்வாள்? உயர்ந்த குலம் எனப்பட்ட குலீனப் பிராமணர்கள் ஊருக்கு ஒரு மனைவி வைத்திருந்த காலம் அது. 1871இல் வித்யாசாகர் பலதார மணத்தை எதிர்த்து எழுதியபோது ஹூக்ளி மாவட்டத்துக் குலீனர்களை அவரவர் மனைவியரின் எண்ணிக்கையோடு பட்டியலிட்டார். அதில் எண்பது மனைவியர் உள்ளவரும் இருந்தார்.

ராஸசுந்தரிக்கு வருவோம். அம்மா சாகக் கிடந்தபோது பார்க்கப் போக விடவில்லை. மகனாகப் பிறந்திருந்தால் இறக்கை கட்டிப் பறந்திருப்பேனே என்று அவர் வருந்தும் இடம் அவருடைய தன்வரலாற்றிலேயே நெஞ்சைப் பிசையும் இடம். தயாமாதவனிடம் அவர் கேட்டது ஒன்றுதான்: நான் புராணம் படிக்க வேண்டும். நகையோ தாய்வீட்டுப் பயணமோ கேட்கவில்லை.

ஒரு நாள் கனவு. தாம் சைதன்ய பாகவதம் படித்துக்கொண்டிருப்பதாக. பிருந்தாவன தாசர் 16ஆம் நூற்றாண்டில் பாடிய அந்தச் சைதன்ய சரிதம் வைணவ வீடுகளில் பூஜைப் பொருளைப் போல இருக்கும். கண்விழித்தும் உடம்பெல்லாம் சந்தோஷம். ஆனால் அந்தப் புத்தகத்தை அவர் கண்ணால் கண்டதில்லை; எப்படி இருக்கும் என்றே தெரியாது. அன்றைக்கே, அவர் சமைத்துக்கொண்டிருக்கும்போது, கணவர் மூத்த பையன் பிபினிடம் சைதன்ய பாகவதத்தை இங்கே வைக்கிறேன், கேட்கும்போது உள்ளே கொண்டு வா என்று சொல்லிவிட்டுப் போனார். அடுக்களையிலிருந்து காதில் விழுந்தது. ஆள் இல்லாத நேரம் பார்த்துப் போய்ப் பிரித்தார். மேலும் கீழும் வண்ணம் தீட்டிய பலகை, நடுவே தனித்தனி ஏடுகள். அடுத்த முறை கண்டுபிடிக்கத் தெரிய வேண்டுமே என்று பலகைப் படங்களை மனப்பாடம் செய்துகொண்டார். பிறகு ஓர் ஏட்டை மட்டும் உருவி எடுத்து வந்து அடுக்களையில் ஒளித்தார்.

ஏடு கிடைத்துவிட்டது. எழுத்து? பிபினுக்கு அப்போது எட்டு வயது. பனையோலையில் எழுதிப் பழகிக்கொண்டிருந்தான். அவன் ஓலை ஒன்றையும் எடுத்து ஒளித்தார். இனி மூன்றையும் ஒன்றோடொன்று ஒட்டவைக்க வேண்டும். ஏட்டில் இருக்கும் எழுத்து, ஓலையில் மகன் எழுதிய எழுத்து, பதினைந்து வருடத்துக்கு முன் பொத்தாஜியா பள்ளிக்கூடத்தில் பையன்கள் சொல்லக் கேட்ட ஒலி. சொல்லித்தர ஆள் இல்லை, வாய்விட்டுச் சொல்லிப் பார்க்க வழி இல்லை. அடுப்பில் சோறு கொதிக்கும், இடக்கையில் ஏடு, முக்காட்டுக்குள்ளிருந்து ஒரு பார்வை. யாராவது வந்தால் ஏடு மறையும். பிள்ளைகள் ஒவ்வொன்றாக விழித்துக்கொள்ளும் இரவுகளில் அதுவும் இல்லை. வெகு நாள் சென்று எழுத்துப் பிடிபட்டது, எழுத்து சொல்லானது, கடைசியில் சைதன்ய பாகவதத்தைத் தட்டுத் தடுமாறிப் படிக்கலானார்.

அவரை அடைத்து வைத்த முக்காடுதான் அவர் படிப்பதையும் மறைத்துக் காத்தது. ஆண்கள் கால் வைக்காத அடுக்களைதான் பள்ளிக்கூடம் ஆனது. அடுப்பூதும் பெண்ணுக்குப் படிப்பு எதற்கு என்ற பழமொழியை நாமும் சொல்லிக்கொண்டிருந்தவர்கள்தானே. அடுப்பு முன்னாலேயே படித்து முடித்தவர் ஒருவர் இருந்தார் என்பதை நம் பெண்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

ரகசியம் எத்தனை நாள் தாங்கும்? வீட்டில் விதவையான நாத்தனார்கள் இருந்தார்கள். அவர்களுக்குத் தெரிந்தால் என்ன ஆகுமோ என்று ராஸசுந்தரி நடுங்கினார். தெரிந்தபோது அவர்கள் கோபிக்கவில்லை. மகிழ்ந்தார்கள், தங்களுக்கும் சொல்லிக்கொடுக்கச் சொன்னார்கள். எழுத்தறியாமலே விதவையானவர்கள் அவர்கள். படித்தால் கணவன் சாவான் என்ற சொல் எவ்வளவு பொய் என்பதை அவர்களைவிட நன்றாக அறிந்தவர் யார்?

வாசிப்பு வந்து பல வருடம் கழித்துத்தான் எழுத்து. கல்கத்தாவில் படித்துக்கொண்டிருந்த மகன் கிஷோரிலால், அம்மா என் கடிதத்துக்குப் பதில் போடுவதே இல்லை என்று குறைப்பட்டு, பேனா, மை, காகிதம் எல்லாம் வாங்கி வைத்துவிட்டுப் போனான். வாசிப்பதைத் திருட்டுத்தனமாகச் செய்துவிடலாம். எழுதுவதற்கு இடம் வேண்டும், மைக்கூடு வேண்டும், உட்கார நேரம் வேண்டும். கணவரின் வைத்தியத்துக்காக வேறோர் ஊரில் தங்கிய மாதங்களில்தான் சமையல் சுமை குறைந்து அந்த நேரம் கிடைத்தது. அங்கே எழுதப் பழகினார்.

இதற்குள் கல்கத்தா மாறத் தொடங்கியிருந்தது. 1849 மே 7 அன்று ட்ரிங்க்வாட்டர் பெத்தூன் 21 சிறுமிகளோடு பெண்கள் பள்ளியைத் தொடங்கினார். மதன்மோகன் தர்க்காலங்கார் தம் இரண்டு பெண்களையும் அனுப்பினார். வித்யாசாகர் 1857 நவம்பருக்கும் 1858 மேக்கும் இடையில் கிராமங்களில் 35 பெண்கள் பள்ளிகளைத் திறந்தார். 1863இல் பெண்களுக்காகவே ‘பாமாபோதினி பத்ரிகா’ வந்தது. இவற்றை எல்லாப் பாடப்புத்தகங்களும் சொல்லும் என்பதால் இங்கே விரிக்கவில்லை.

அறுபதை நெருங்கும் வயதில் ராஸசுந்தரி விதவையானார். தலை மழித்தார்கள். வளையும் குங்குமமும் போய் வெள்ளைப் புடவை வந்தது. வங்காளத்து உயர்சாதி விதவைக்கு ஒருவேளைச் சாப்பாடு, மீன் இல்லை, வெங்காயம் பூண்டு இல்லை, மசூர் பருப்புகூட இல்லை, ஏகாதசியில் தண்ணீரும் இல்லை. எத்தனை பிள்ளை பெற்றவளானாலும் விதவை என்றால் துர்பாக்கியவதியே என்று உலகம் நினைக்கிறதே என்ற வேதனை அவர் எழுத்தில் உண்டு. அந்த வயதையொட்டித்தான் தம் வாழ்க்கையை எழுதினார். பெயர் ‘ஆமார் ஜீபன்’, என் வாழ்க்கை. வங்க மொழியில் எழுதப்பட்ட முதல் முழுமையான தன்வரலாறு அது. எழுதியவர் ஜமீன்தார் இல்லை, பட்டதாரி இல்லை, பாட்டி. 88 வயதில் மேலும் எழுதிச் சேர்த்தார். பிந்திய பதிப்புக்கு ஜோதிரிந்திரநாத் தாகூர் முன்னுரை எழுதினார். நூறு ஆண்டுகள் கழித்து வரலாற்றாசிரியர் தனிகா சர்க்கார் இந்த ஒரு நூலை மையமாக வைத்தே ஒரு தனி ஆய்வு நூல் எழுதினார்.

வங்காளத்தில் பெண் கல்வியின் தொடக்கம் என்று 1849ஐக் குறிப்பது வழக்கம். பெத்தூனின் பெருமையைக் குறைக்க எனக்கு விருப்பமில்லை. ஆனால் அந்தக் கணக்கு சரியில்லை. பள்ளி திறப்பதற்குச் சுமார் 14 ஆண்டு முன்பே ராம்தியாவில் ஒரு மாணவி சேர்ந்துவிட்டார். அவருக்கு ஆசிரியர் இல்லை என்பதால் கணக்கில் சேர்க்காமல் விடுவது நியாயமாகாது.

ராஸசுந்தரி முதுமையில் தம் நூலுக்கு மேலும் எழுதிச் சேர்த்துக்கொண்டிருந்த ஆண்டுகளில், வடக்கு வங்காளத்து ரங்பூர் பக்கம் பாய்ராபந்த் கிராமத்தில், ஒரு முஸ்லிம் ஜமீன் வீட்டில், இன்னொரு பெண் பர்தாவுக்குள் வளர்ந்துகொண்டிருந்தாள். வீடு உறங்கிய பிறகு அண்ணன் இப்ராஹிம் மெழுகுவத்தி வெளிச்சத்தில் அவளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தார். ரொக்கேயா என்று பெயர். ஆண்கள் பின்கட்டில் அடைபட்டு, பெண்கள் நாட்டை ஆளும் ஒரு கற்பனை தேசத்தை அவர் ‘சுல்தானாவின் கனவு’ என்று ஆங்கிலத்தில் கதையாக எழுதினார். அந்தக் கதை 1905இல் அச்சானது கல்கத்தாவில் இல்லை. நம் மெட்ராஸில், கமலா சத்தியநாதன் நடத்திய ‘இந்தியன் லேடீஸ் மேகசின்’ இதழில். அந்த இதழின் கதையை அடுத்த வாரம் பார்ப்போம்.